எட்டாம் வசனத்துக்குப் பிறகு

ஜூலை 3, புதன்

வேதாகம மொழிபெயர்ப்புக் குழுவிலிருந்து வேலைப் பங்கீடு வந்தது. மாற்கு சுவிசேஷத்தின் கடைசி அதிகாரம் எனக்கு. கிரேக்கம் சொல்லிக்கொடுக்கிறவன் என்பதால் இப்படிச் சிக்கல் உள்ள இடங்கள் என் தலையில்தான் வந்து விழும். திருத்திய தமிழும் அடிக்குறிப்பும் மாத இறுதிக்குள் வேண்டுமாம்.

துணி காயப்போடும் வேலையை இன்றுமுதல் நான் எடுத்துக்கொண்டேன். கொடி உயரத்தில் இருக்கிறது. கையை உயர்த்தி இறக்குவது இந்த வயதில் எனக்கும் நல்லதுதான்.  சுகிர்தம் வாளியை வாசலில் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

ஜூலை 7, ஞாயிறு

நான் எங்கள் கோயிலுக்கு ஆராதனைக்குப் போனேன். சுகிர்தம், பாக்கியம் அக்காவோடு ஆட்டோவில் அக்காவின் சபைக்குப் போனாள். கல்யாணமாகி முப்பது வருடம் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்கள், இந்தப் பிப்ரவரியிலிருந்து தனித்தனி. ஊரில் கேட்கிறவர்களிடம், "அங்கே பாட்டு நல்லா இருக்கும்" என்று சொல்லிவருகிறேன்.

அது மருந்து எடுக்காத சபை. வீட்டில் இருந்த காய்ச்சல் மாத்திரை, தைலம் எல்லாவற்றையும் அவள் ஒரு பையில் கட்டி என் மேசைமேல் வைத்தாள். "உங்களுக்கு வேணும்னா வச்சுக்கிடுங்க" என்றாள். என் இரத்த அழுத்த மாத்திரையும் அதற்குள் இருந்தது. எடுத்துக்கொண்டேன்.

சபைச் சுவரில் நீல எழுத்தில் ஒரு வசனம் எழுதியிருக்கிறார்கள். விசுவாசிகள் நோயாளிமேல் கை வைத்தால் நோயாளி சுகமாவான் என்ற பொருள். மாற்கு, கடைசி அதிகாரம், பதினெட்டாம் வசனம்.

ஜூலை 11, வியாழன்

அடிக்குறிப்பு எழுதுமுன் தெரிந்தவற்றை வரிசைப்படுத்திக்கொள்கிறேன்.

மாற்கு எழுதிய மூலம் யாரிடமும் இல்லை. பிரதியைப் பார்த்து எழுதிய பிரதிகள்தான் இருக்கின்றன. முழுமையாகக் கிடைத்தவற்றில் மிகப் பழையவை நான்காம் நூற்றாண்டைச் சேர்ந்த இரண்டு பெரிய தோல் புத்தகங்கள். இரண்டிலும் மாற்கு எட்டாம் வசனத்தோடு நின்றுவிடுகிறது. இயேசுவின் கல்லறைக்குப் போன பெண்கள் அங்கே உடல் இல்லை என்று கண்டு, நடுங்கி ஓடுகிறார்கள். யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. அவ்வளவுதான். உயிர்த்தவர் யார் கண்ணுக்கும் தோன்றுவதில்லை.

ஒன்பது முதல் இருபது வரையுள்ள வசனங்கள் வேறொரு கையின் எழுத்து. சொற்கள் வேறு, நடை வேறு. இரண்டாம் நூற்றாண்டிலேயே அது சேர்ந்துவிட்டது என்பதற்குச் சாட்சி இருக்கிறது. ஆகவே பழையதுதான், ஆனால் மாற்குவுடையது அல்ல. இப்படி முடிந்தால் நன்றாயில்லை என்று யாரோ நினைத்திருக்கிறார். மோசடி என்று சொல்லமாட்டேன். பிரதி எடுக்கிறவனுக்கும் பயம் உண்டு.

அந்த இரண்டு புத்தகங்களில் ஒன்றில் எட்டாம் வசனத்துக்குப் பிறகு பக்கத்தில் மேலிருந்து கீழாக ஒரு நெடும்பத்தி முழுவதும் காலியாக விடப்பட்டிருக்கிறது. தோல் விலை உயர்ந்த பொருள். அதை எழுதினவர் சும்மா விட்டிருக்கமாட்டார். மற்ற முடிவு ஒன்று உண்டு என்று அவருக்குத் தெரிந்திருக்கலாம். எழுதவும் மனமில்லை, இல்லை என்று சொல்லவும் மனமில்லை.

பதினெட்டாம் வசனம் அந்தச் சேர்க்கைக்குள்தான் வருகிறது. முதலாம் ஆண்டு மாணவனுக்கும் தெரிந்த செய்தி.

மதியம் முருங்கைக்காய் சாம்பார். சுகிர்தம் வலது கையால் மட்டும் பரிமாறினாள்.

ஜூலை 16, செவ்வாய்

குழுக் கூட்டம். தலைவர் ஞானாபரணம் ஐயா, தமிழ் பார்க்கிற மரகதம் டீச்சர், போதகர் ரத்தினசிங், நான். எட்டாம் வசனத்திலேயே காலை முழுவதும் போயிற்று.

கிரேக்கத்தில் அந்த வாக்கியம் "பயந்தார்கள்" என்பதில் முடிகிறது. அதன் பின்னே 'ஏனென்றால்' என்று பொருள்படும் ஒரு சின்னச் சொல். ஒரு புத்தகமே அந்தச் சொல்லில் நிற்கிறது. தமிழில் அப்படி நிறுத்த முடியாது. காரணம் முன்னால் வந்துவிடும், வினைமுற்று கடைசியில் நிற்கும்.

மரகதம் டீச்சர் நான் எழுதிக்கொடுத்ததை இரண்டு தரம் வாசித்தார். "சார், கிரேக்கத்துல கடைசியா நிக்கது பயம். நம்ம தமிழ்ல கடைசியா நிக்கது சொல்லாம இருந்தது. ரெண்டும் ஒண்ணா?"

"இலக்கணம் அப்படித்தானம்மா விடுது" என்றேன்.

"இலக்கணத்தக் கேக்கல. வாசிக்கிறவளுக்கு எது மனசுல நிக்கும்னு கேக்கேன்."

 அடுத்த கூட்டத்துக்கு ஒத்திவைத்தோம். டீயோடு உளுந்தவடை கொடுத்தார்கள். ஆறிப்போயிருந்தது.

ஜூலை 21, ஞாயிறு

மோட்டார் பழுது. கிணற்றில் இறைத்தேன். சுகிர்தம் இரண்டு மூன்று தரம் நடுவில் உட்கார்ந்து வீட்டைப் பெருக்கினாள்.

ஜூலை 24, புதன்

எழுதாமல் விட்ட ஒன்றை இங்கே குறித்துவைக்கிறேன்.

பொங்கல் முடிந்த வாரம். குளித்துவிட்டு வந்தவள், "இந்தப் பக்கம் ஒரு கட்டி மாதிரி இருக்கு" என்று இடது மார்பைத் தொட்டுச் சொன்னாள். டாக்டரிடம் காட்டுவோம் என்றேன். வேண்டாம் என்றாள். அவளுடைய அக்கா எமிலியும் இதே நோயில்தான் போனார். சில நாள் கழித்துப் பாக்கியம் அக்கா வந்து ஜெபம் பண்ணினார். அதன்பிறகு சபை. நான் வற்புறுத்தவில்லை. அவள் படித்தவள், கணக்கு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள். அவளுடைய விசுவாசம் அவளுக்கு. அதை மதிப்பது என் கடமை என்று எண்ணினேன்.

இப்போது கட்டி பெரிதாகியிருக்கிறது என்று நினைக்கிறேன். கேட்கவில்லை. எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. கேட்பதற்கு வேறு ஆளும் இல்லை.

அடிக்குறிப்பின் முதல் வரைவு முடிந்தது.

ஜூலை 30, செவ்வாய்

கூட்டம். என் வரைவை வாசித்தேன். 'மிகப் பழைய கைப்பிரதிகளில் இந்தப் பகுதி இல்லை' என்பது முதல் வரி. எட்டாம் வசனத்தின் கீழே ஒரு கோடு போட்டு இடைவெளி விட்டு மற்றவற்றை அச்சிட வேண்டும் என்றேன்.

போதகர் ரத்தினசிங் நாற்காலியைப் பின்னால் தள்ளி எழுந்துவிட்டார். நல்ல மனிதர், சத்தம் கொஞ்சம் அதிகம்.

"தியோடர் சார், ஆயிரத்து எண்ணூறு வருஷமா சபை வாசிச்ச வசனம். நீங்க ரெண்டு புஸ்தகத்தக் காட்டி கோடு போடச் சொல்லுதீங்க."

"ரெண்டு மட்டும் இல்ல ஐயா. பழைய சீரிய மொழிப் பிரதியிலயும் இல்ல. சீனாய் மலை மடத்துல கிடைச்சது. பிறகு வந்த ஒருத்தர் அதச் சுரண்டிட்டு மேல புனிதப் பெண்களோட கதைய எழுதியிருக்காரு. அடியில மங்கலா சுவிசேஷம் தெரியுது. அங்கயும் எட்டோட நிக்குது."

"எங்க வேணா நிக்கட்டும். ஆஸ்பத்திரியில ஒருத்தி இந்த வசனத்தப் புடிச்சிக்கிட்டுக் கிடக்கான்னு வைங்க. நீங்க போய் அவ கட்டில் பக்கத்துல நின்னு, 'இத மாற்கு எழுதலம்மா'ன்னு சொல்லுவீங்களா? உங்களுக்கு வாய் வருமா?"

ஞானாபரணம் ஐயா பென்சிலால் மேசையைத் தட்டி, "அது வேற விஷயம், இது வேற விஷயம்" என்றார்.

நான் காகிதங்களை அடுக்கினேன். ரத்தினசிங்குக்கு என் வீட்டு விஷயம் தெரியாது. ஆஸ்பத்திரி என்றுதான் சொன்னார். ஆஸ்பத்திரியில் கிடந்தால்கூடப் பரவாயில்லையே என்று தோன்றியது. முடிவெடுக்காமல் கலைந்தோம்.

ஜூலை 31, புதன்

சொல்லிவிட்டேன்.

சாயங்காலம் சமையலறையில் அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். நான் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, வகுப்பில் சொல்வதுபோலவே ஆரம்பித்தேன். தோல் புத்தகங்கள், காலிப் பத்தி, நடை வேற்றுமை. அவள் நறுக்குவதை நிறுத்தவில்லை.

"அப்ப அந்தச் சுவத்துல எழுதியிருக்கிற வசனம்?"

"பிறகு சேர்ந்தது."

"நிச்சயமா?"

"கிட்டத்தட்ட எல்லாரும் ஒத்துக்கிட்டதுதான்."

"உங்களுக்கு எப்பத் தெரியும்?"

"படிக்கும்போதே."

கத்தியைக் கீழே வைத்தாள். "முப்பது வருஷமா தெரியும். சரி, விடுங்க. பொங்கல் கழிச்சு நான் கட்டின்னு சொன்னேன்லா. சபைக்குப் போகும்போது பாத்துக்கிட்டுத்தான இருந்தீங்க. அப்ப ஏன் சொல்லல?"

"உன் விசுவாசத்தக் கெடுக்கக் கூடாதுன்னு."

"அதுதான் காரணமா?"

மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. தொட்டி நிறைந்திருக்கும் என்று எழுந்துபோய் அணைத்தேன். திரும்பிவந்தபோது அவள் அவரைக்காயைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

ஆகஸ்ட் 1, வியாழன்

பேசவில்லை.

ஆகஸ்ட் 2, வெள்ளி

பேசவில்லை. தோசை மட்டும் வந்தது.

ஆகஸ்ட் 4, ஞாயிறு

சுகிர்தம் சபைக்கும் போகவில்லை, கோயிலுக்கும் வரவில்லை. ஆராதனை முடிந்ததும் பாக்கியம் அக்கா நேரே வீட்டுக்கு வந்துவிட்டார். வெள்ளைச் சேலை, நகை கிடையாது, வேர்த்து வழிந்துகொண்டு. நான் மோர் கொடுத்தேன்.

"ஏன் வரல சுகிர்தம்? நாங்க உனக்காக உபவாசம் இருக்கோம்."

"அக்கா, அந்த வசனம் பழைய புஸ்தகத்துல இல்லையாம். இவங்க சொல்லுதாங்க."

அக்கா என்னைப் பார்த்தார். கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். "தம்பி படிச்சவுக. இருக்கும். எனக்கு எழுத்துக்கூட்டித்தான் வாசிக்கத் தெரியும். ஆனா எனக்கு வயித்துவலி போச்சுது. அத நான் எந்தப் புஸ்தகத்துலயும் வாசிக்கல" என்றார்.

"எனக்குப் போகலையேக்கா" என்றாள் சுகிர்தம்.

"விசுவாசம் வேணும்."

"ஆறு மாசமா விசுவாசமாத்தான் இருந்தேன். கட்டி எலுமிச்சம்பழம் அளவுக்கு வந்துட்டு. இன்னும் எவ்வளவு விசுவாசம் வேணும்? சொல்லுங்க."

அவள் சத்தமாகச் சொல்லவில்லை. அக்கா மோர் டம்ளரைக் கையிலேயே வைத்துக்கொண்டு அழுதார். பிறகு ஜெபம் பண்ணாமலே போனார். இதுவரை அப்படிப் போனதில்லை.

எலுமிச்சம்பழம் அளவு என்பது எனக்குப் புதிய செய்தி.

ஆகஸ்ட் 6, செவ்வாய்

எனக்கு உடல்நலமில்லை என்று குழுவுக்குச் சொல்லி அனுப்பினேன். காலையில் சுகிர்தம் காபியை மேசையில் வைத்து, "டாக்டர்ட்ட நேரம் வாங்குங்க. பொம்பள டாக்டரா இருக்கட்டும்" என்றாள். வாங்கினேன்.

ஆகஸ்ட் 8, வியாழன்

டாக்டர் சின்னப் பெண். எங்கள் மாணவிகளின் வயதுதான் இருக்கும். பரிசோதித்துவிட்டுத் திரைக்கு வெளியே வந்து கை கழுவினார்.

"எப்ப முதல்ல பாத்தீங்கம்மா?"

"ஜனவரி."

டாக்டர் என் பக்கம் திரும்பினார். "சார் என்ன வேலை பாக்கீங்க?"

"கிரேக்கம் சொல்லிக்கொடுக்கேன்."

அதற்குமேல் அவர் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. ஊசி போட்டுச் சதை எடுத்தார்கள். படம் எடுத்தார்கள்.

திரும்பும்போது ஆட்டோவில் சுகிர்தம்தான் பேசினாள். ஜூலைக்குப் பிறகு இவ்வளவு நீளமாகப் பேசியது இன்றுதான்.

"அந்த வசனம் இல்லைன்னு நீங்க சொன்னதால நான் வரல, அத மொதல்ல தெரிஞ்சிக்கிடுங்க. எமிலி அக்கா அந்த வார்டுல கிடந்த கிடப்ப நான் பாத்திருக்கேன். முடி கொட்டி, வாயெல்லாம் புண்ணாயி, தண்ணி குடிக்க முடியாம. அந்த வாசலுக்குள்ள போகக்கூடாதுன்னு எனக்கு ஒரு காரணம் தேவைப்பட்டுச்சு. சபையில குடுத்தாங்க. எடுத்துக்கிட்டேன். நீங்க அதத் தட்டிவிட்டுட்டீங்க. அப்புறம் பாத்தா, பயம் மட்டும்தான் மிச்சம் இருந்துச்சு. வெறும் பயத்த வச்சிக்கிட்டு வீட்டுல உக்கார முடியல."

பாலத்தில் நெரிசல். ஆட்டோக்காரர் இஞ்சினை அணைத்துவிட்டார்.

"அந்தப் பொம்பளைங்க யாருட்டயும் சொல்லலன்னா, மாற்குக்கு யாரு சொன்னா?" என்று கேட்டாள்.

"அதப் பத்திப் பல கருத்து இருக்கு" என்றேன்.

"இருக்கும்" என்றாள்.

ஆகஸ்ட் 14, புதன்

புற்றுதான். அறுவை சிகிச்சை அடுத்த வாரம். அதன்பிறகு மருந்து ஏற்ற வேண்டியிருக்கும்.

கொடியிலிருந்த துணியை எடுத்து மடித்துவைத்தேன். ரவிக்கைகளை எப்படி மடிப்பது என்று இன்னும் பிடிபடவில்லை.

ஆகஸ்ட் 21, புதன்

சேர்த்தாயிற்று. இரத்தத்துக்கு ஆள் வேண்டும் என்றார்கள். என்னுடையது வயதையும் அழுத்தத்தையும் சொல்லி வேண்டாமென்றுவிட்டார்கள். ஞானாபரணம் ஐயாவிடம் போனில் சொன்னேன். அரை மணிக்குள் போதகர் ரத்தினசிங் பைக்கில் வந்து நின்றார். முகம் வெளிறியிருந்தது.

"சார், அன்னைக்கு நான் பேசினது... எனக்குத் தெரியாது சார். சத்தியமாத் தெரியாது."

"தெரியாதுன்னு எனக்குத் தெரியும் ஐயா."

"என் பிரிவு ஓ நெகட்டிவ். எல்லாருக்கும் சேரும்னு சொல்லுவாங்க. எவ்வளவு வேணும்னாலும் எடுக்கச் சொல்லுங்க."

கொடுத்துவிட்டு, கையில் பஞ்சோடு வார்டுக்கு வந்து சுகிர்தத்தின் தலையில் கை வைத்து ஜெபித்தார். வழக்கமான சத்தம் இல்லை, பக்கத்துக் கட்டிலுக்குக் கேட்டிருக்காது. வெளியே வந்ததும், "நான் குடுத்த ரத்தத்துக்கு அடிக்குறிப்பு போட்டிராதீங்க சார்" என்றார். இருவரும் சிரித்தோம். நான் சிரித்து நெடுநாளாயிற்று என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

ஆகஸ்ட் 22, வியாழன்

நல்லபடியாக முடிந்தது என்றார்கள். மயக்கம் தெளிந்ததும் தண்ணீர் கேட்டாள். ஈரத்துணியால் உதட்டை நனைக்க மட்டும் அனுமதித்தார்கள்.

ஆகஸ்ட் 24, சனி

ஆஸ்பத்திரிக் காவலாளி வந்து, "உங்களத் தேடி ஒரு அம்மா வெளிய நிக்காங்க, உள்ள வரமாட்டேங்காங்க" என்றார். போய்ப் பார்த்தால் பாக்கியம் அக்கா. வெயிலில் கேட்டுக்கு வெளியே தூக்குப்பாத்திரத்தோடு நின்றார்.

"உள்ள வாங்கக்கா."

"வரமாட்டேன் தம்பி. எங்க ஒழுங்கு அப்படி. கேட்டு வரைக்கும் வரலாம், அதுக்கு மேல எனக்குத் தைரியம் இல்ல. கஞ்சியும் பருப்புத் துவையலும் இருக்கு. நான் கொண்டாந்தேன்னு சபையில யாருட்டயும் சொல்லிராதிய."

சுகிர்தத்திடம் கொடுத்தேன். யார் கொண்டுவந்தது என்று அவள் கேட்கவில்லை. துவையலை நக்கிப்பார்த்துவிட்டு, "அக்கா எப்பவும் புளி கூடத்தான் வைப்பா" என்றாள். முழுவதும் சாப்பிட்டாள்.

செப்டம்பர் 3, செவ்வாய்

வீட்டுக்கு வந்து சில நாளாகிறது. மரகதம் டீச்சரின் தங்கை துணைக்கு இருந்ததால் கூட்டத்துக்குப் போய்வந்தேன்.

முடிவு: எட்டாம் வசனத்துக்குக் கீழே இடைவெளி. பிறகு ஒன்பது முதல் இருபது வரை அதே அளவு எழுத்தில். அடியில் குறிப்பு. இந்தப் பகுதி மிகப் பழைய பிரதிகளில் இல்லை என்பதும், சபை மிகத் தொடக்க காலத்திலிருந்தே இதை வாசித்துவந்திருக்கிறது என்பதும் இரண்டும் வரும். இரண்டாவது வாக்கியம் ரத்தினசிங்குடையது. உண்மையானதால் நான் மறுக்கவில்லை. கோடு வேண்டாம் என்று நானே சொன்னேன். ஞானாபரணம் ஐயா ஆச்சரியப்பட்டார்.

எட்டாம் வசனத்தின் தமிழ், மரகதம் டீச்சர் விருப்பப்படி, இரண்டு வாக்கியமாயிற்று. ஒன்று சொல்லாததைப் பற்றி. மற்றது பயத்தைப் பற்றி. பயம் கடைசியில்.

செப்டம்பர் 6, வெள்ளி

வெட்டி எடுத்ததன் பரிசோதனை முடிவு. அக்குள் நெறிக்கட்டிகளிலும் பரவியிருக்கிறது. ஜனவரியில் வந்திருந்தால் என்று டாக்டர் ஆரம்பித்து, நிறுத்திக்கொண்டார். மருந்து ஏற்றிப் பார்ப்போம், இப்போதே எதுவும் சொல்ல முடியாது என்றார். சுகிர்தம் ஒரு கேள்வி கேட்டாள்: முடி எப்போது கொட்டும்? இரண்டாவது, மூன்றாவது வாரத்தில் என்றார்.

வரும் வழியில் துணிக்கடையில் இறங்கி இரண்டு பருத்தித் துண்டு வாங்கினாள், தலையில் கட்டிக்கொள்ள. ஒன்று பச்சை, ஒன்று மஞ்சள். எது நன்றாயிருக்கிறது என்று என்னைக் கேட்டாள். பச்சை என்றேன்.

செப்டம்பர் 16, திங்கள்

முதல் நாள் மருந்து. காலையிலேயே போய்விட்டோம். நீளமான அறை, வரிசையாகக் கட்டில்கள், ஒவ்வொன்றின் அருகிலும் ஒரு கம்பி, ஒரு பாட்டில். எமிலி மதினி கிடந்தது வேறு ஆஸ்பத்திரி. ஆனால் வாசல் வந்ததும் சுகிர்தம் நின்றுவிட்டாள். கொஞ்ச நேரம் நின்றோம். பிறகு அவளே உள்ளே நடந்தாள்.

ஊசி ஏற்றி, நர்ஸ் போன பிறகு கண்ணை மூடிக்கொண்டிருந்தாள். தூங்குகிறாள் என்று நினைத்தேன்.

"உங்களுக்கு எப்படி இருக்கு?" என்று கேட்டாள்.

"மொத்தம் எத்தனை தடவைன்னு டாக்டர் இன்னும் முடிவு பண்ணல. முதல் நாலுக்கு ஒரு மருந்து, அப்புறம் வேற மருந்து. வாந்தி வராம இருக்கிறதுக்கு இப்பல்லாம் நல்ல..."

"அதக் கேக்கல. உங்களக் கேட்டேன்."

 எதிர்க் கட்டிலில் ஒரு கிழவர் வாரப்பத்திரிகை வாசித்துக்கொண்டிருந்தார். எனக்கு மூன்று மொழிகளில் அந்தச் சொல் தெரியும்.  கடைசியில் தமிழில் வந்தது.

"பயமா இருக்கு சுகிர்தம். ஜனவரில இருந்தே. நீ டாக்டர் வேண்டாம்னு சொன்ன அன்னைக்கு எனக்கு நிம்மதியா இருந்துச்சு. டாக்டர் வாயால அதக் கேக்க வேண்டாமேன்னு."

அவள் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தாள்.  திட்டுவாள் என்று இருந்தேன்.

"தெரியும்" என்றாள். ஊசி ஏறிய கை அசையாதபடி மெல்ல நகர்ந்து, கட்டில் ஓரத்தில் இடம் விட்டாள். "நின்னுக்கிட்டே இருக்காதீங்க."

குறுகலான கட்டில். உட்கார்ந்தேன்.